பொழுது பொறித்தல்: ஒரு கற்பனைக் கலையின் நாட்குறிப்பு

2025 செப்டம்பர் 14, ஞாயிறு

பொழுது பொறித்தல் என்றால் நிழல் மறையும் உச்சிக் கணத்தில் நீரில் ஒரு கோட்டைக் குறியாக இடுவது. அதே நேர்மேல் வெயில் திரும்பும் நாளில் குறி திறக்கும். இன்று அதற்கான நீர்க்கடிகாரம், வட்டில், சோதனை. செம்புக் கிண்ணம், அடியில் ஊசித்துளை. தண்ணீரில் மிதக்கவிட்டால் 24 நிமிடத்தில், அதாவது ஒரு நாழிகையில், மூழ்க வேண்டும். முதல் ஓட்டம் 21 நிமிடம். துளை பெரிது. ஈயம் வைத்து அடைத்து, மெல்லிய ஊசியால் மறுபடி திறந்தால் 27. ஊசியை இன்னொரு சுற்றுச் சுற்றியதும் 24க்கு வந்தது. எண்ணெய்ப் பிசுக்கு துளையை அடைக்கும். புளி போட்டுத் தேய்க்கவும். ஃபிரிட்ஜ் தண்ணீர் ஆகாது, குளிர்ந்த நீர் துளையில் மெதுவாகத்தான் ஏறும்.

செப்டம்பர் 17, புதன்

சிங்கப்பூர் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) கார் நிறுத்துமிடத்தின் மொட்டைமாடி. புளோக்கின் கீழ்த்தளத்தில் உச்சிவெயில் எட்டாது. மழைநீர் வடியத் தரை சாய்ந்திருக்கும், ஆகவே நிழல் பார்க்கும் குச்சியைத் தூக்குக்குண்டு வைத்தே நிறுத்த வேண்டும். 12 விரற்கடைக் குச்சி கிழக்கிலோ மேற்கிலோ 1 பாகை சாய்ந்தால் உச்சி 4 நிமிடம் தப்பிவிடும்.

செப்டம்பர் 19, வெள்ளி

இன்று சூரியன் ஊருக்கு நேர் மேலே. உச்சி 12.58. நம் கடிகாரம் ஓடுவது 120 பாகைக் கிழக்கின் நேரத்தில். சிங்கப்பூர் இருப்பதோ 104க்குச் சற்றுக் குறைவாக.

நாள்காட்டியில் வெள்ளி இராகுகாலம் 10.30 முதல் 12.00. அது 6 மணி விடியலுக்குப் போட்ட கணக்கு. இங்கே விடிந்ததே 7ஐ ஒட்டி. பகலை எட்டாகப் பிரித்துப் பார்த்தால் இராகுகாலம் முடிவதும் உச்சியும் ஒன்றுதான். தாளை நம்பி 12க்குப் பொறித்தவர்கள், பாவம், இராகுகாலத்துக்குள்ளேயே பொறித்தவர்கள்.

உச்சிக்கு அரை நாழிகை முன்னால், 12.46க்கு, வட்டில் மிதந்தது. அப்போது நிழல் அரை விரலுக்குக் கொஞ்சம் கூட. சுருங்கிச் சுருங்கி, குச்சியின் அடியில் ஒட்டிய கறுப்பு நூலாகி, இல்லாமல் போனது. அந்தக் கணத்தில் தாம்பாள நீரில் அருகம்புல் நுனியால் ஒரே கோடு. குறிச்சொல் ஒருமுறை, வாய்க்குள். நீர் கோட்டை மூடிக்கொண்டால் பொழுது வாங்கிக்கொண்டது என்று அர்த்தம். 1.10க்கு வட்டில் மூழ்கியது, குறி இறுகியது.

சாய்தளத்தில் கார் ஏறும்போது தாம்பாளம் நடுங்கும். நடுங்கும் நீரில் கோடு இரட்டையாக விழும், பிறகு வாசிக்க வராது. ஆகவே தாம்பாளத்துக்கு அடியில் மடித்த சாக்கு.

செப்டம்பர் 21, ஞாயிறு

பழைய குறிகளைத் தேடுவோருக்கு: 1981 டிசம்பர் 31 இரவு 11.30க்கே கடிகாரத்தை நள்ளிரவு 12 ஆக்கிவிட்டார்கள். 1945க்குப் பிறகு அதுவரை 12.28 என்று எழுதி வைத்த குறியை 12.58க்குத் தேடுங்கள். விழுங்கப்பட்ட அந்த அரைமணிக்குள் குறிகள் புதைந்து கிடப்பதாகச் சொல்வது பேத்தல். நகர்ந்தது முள், வெயில் இல்லை. ஜப்பானியர் காலத்துக் குறிப்பு என்றால் தோக்கியோ நேரம், ஒரு மணி கழிக்கவும்.

வெள்ளியன்று இட்டது மார்ச் 24 திறக்கும். அதே நேர்மேல் வெயில், ஆனால் உச்சி 1.11. வட்டிலை 12.59க்கு விட வேண்டும்.