கோல் சீட்டுக்கு முதல் வள்ள நேரம்

உயர்தரம் எழுதிவிட்டுப் பெறுபேறு வரும்வரை மாமாவின் வானில் உதவிக்கு ஓடித்திரிந்தேன். யாழ்ப்பாணத்துக்குப் படம் எடுக்க வந்த குழுவொன்று அந்த வானை நாலு நாளுக்கு வாடகைக்குப் பிடித்தது. ஐந்தாம் நாள் மாமா வீட்டுக்குத் திரும்பினார், நான் அவர்களோடு நின்றுவிட்டேன். "படத்தில வேலை எண்டால், நடிப்போ?" என்று அம்மம்மா இன்னும் கேட்கிறா. ஆட்களையும் சாமானையும் நேரத்துக்கு இறக்குவதும், இறங்குகிற இடத்துக்கு முன்கூட்டியே அனுமதி எடுத்து வைப்பதும்தான் என் வேலை.

இதற்கு என்ன படிக்க வேண்டும் என்று கேட்கிற தம்பி தங்கச்சிமாருக்கு நான் முதலில் சொல்வது சாரதி அனுமதிப்பத்திரம். எழுத்துப் பரீட்சையில் 40 வினா, தமிழிலேயே எழுதலாம். நான் புத்தகத்து விடைகளை ஒழுங்காகப் பாடமாக்கிப் போனேன். வினாக்களின் ஒழுங்கு மாறியிருந்ததும் கை நடுங்கியது. பிறகுதான் புத்தகத்தோடு தட்டாதெருச் சந்தியில் போய் நின்று, எந்த வாகனம் எதற்கு வழிவிடுகிறது என்று பார்த்துப் படித்தேன்.

அடுத்தது அனுமதிப்பத்திரத்தின் வாகன வகுப்பு. கார், சிறிய வான் ஓட்டுகிற பி வகுப்பை எடுத்ததும் எந்த வானும் ஓட்டலாம் என்று பலர் நினைக்கிறார்கள். சாரதியோடு சேர்த்து 9 ஆசனத்துக்கு மேல் போனால் டி1 வகுப்பு வேண்டும். படக்குழுவை ஏற்றும் பெரிய வான்கள் பெரும்பாலும் அந்தக் கணக்குத்தான். டி1 செய்முறைப் பரீட்சையில் முதல் தடவை பின்னுக்கு எடுக்கும்போது ஒரு தடியைச் சாய்த்து வீட்டுக்கு வந்தேன். பிறகு விடியப்புறங்களில் முற்றவெளிப் பக்கம் வெறும் ரின்களை நட்டுவைத்துப் பழகினேன். இப்போது ஒழுங்கைக்குள் மதிலுக்கும் மதிலுக்கும் நடுவில் வானைத் திருப்பும்போதெல்லாம் அந்த ரின்கள்தான் ஞாபகம் வரும்.

ஆனால் பரீட்சையில் வராத பாடத்தை நெடுந்தீவில்தான் படித்தேன். பெருக்கமரத்தடியில் காலை வெளிச்சத்தில் ஒரு காட்சி. லைட், ஜெனரேற்றர், உடுப்புப் பெட்டி எல்லாவற்றையும் ஒரே லொறியில் ஏற்றி, விடிய முதலே குறிகாட்டுவான் இறங்குதுறையில் நிறுத்திவிட்டேன். பெருமையாகத்தான் இருந்தது. வள்ளக்காரர் ஜெனரேற்றரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "தம்பி, உதை ஏத்தினா ஆக்கள் எங்க இருக்கிறது?" லொறி கடலில் ஓடாது என்பது எனக்குத் தெரியும்தான். ஆனால் நான் போட்ட அட்டவணையில் அது இல்லை. இரண்டாவது வள்ளம் தேடிப் பிடித்து, கடலில் ஏறத்தாழ ஒரு மணித்தியாலம் போய், அங்கே இறக்கி, லான்ட்மாஸ்டர் என்கிற இரண்டு சில்லு உழவு இயந்திரப் பெட்டியில் ஏற்றி மரத்தடிக்குப் போகையில் வெயில் உச்சிக்கு வந்துவிட்டது. இயக்குநர் என்னோடு கதைக்கவில்லை. ஏசியிருந்தால் ஆறுதலாக இருந்திருக்கும்.

அன்றிலிருந்து பின்னாலிருந்துதான் கணக்குப் போடுகிறேன். கமரா ஓட வேண்டிய நேரம், அதற்கு முதல் பூட்ட எவ்வளவு, அதற்கு முதல் லான்ட்மாஸ்டர், வள்ளம், ஏற்றுகிற நேரம், கடைசியில் யாழ்ப்பாணத்திலிருந்து வெளிக்கிடும் நேரம். யார் எத்தனை மணிக்கு எங்கே நிற்க வேண்டும் என்ற அன்றன்றைய அட்டவணைதான் கோல் சீட். அதை எழுதுகிறவர் கேட்கிற நேரத்தை அப்படியே ஒத்துக்கொள்ளாதீர்கள். முடியாதென்றால் முதல் நாளே சொல்லுங்கள், முகம் சுளித்தாலும் பரவாயில்லை.

கடிதம் எழுதப் பழகுவதும் படிப்புத்தான். கோட்டைக்குள் எடுக்கத் தொல்லியல் திணைக்களம், ட்ரோன் விடச் சிவில் விமானப் போக்குவரத்து அதிகாரசபை என்று இடத்துக்கிடம் வாசல் மாறும். சிங்களம் வாசிக்கத் தெரிந்தால் பாதி அலைச்சல் குறையும். நான் அதை இருபத்தைந்து வயதில்தான் தொடங்கினேன், பள்ளிக்கூடத்தில் அந்தப் பாடவேளையில் நித்திரை கொண்ட கூலி.

சோளகம் என்கிற தென்மேற்குக் காற்று வீசும் மாதங்களில் தீவுப் பக்கம் படப்பிடிப்பு வைத்தால், முதல் நாள் இரவே வள்ளக்காரருக்கு ஒரு கோல் எடுங்கள். அவர் "பாப்பம்" என்றால் வேலணைக்குள்ளேயே வேறு இடம் ஒன்றைப் பார்த்து வையுங்கள்.