உட்கார்ந்தும் நின்றும் பார்த்த பிரஷர்: சுகரோடு ரத்த அழுத்தமும் சேர்ந்தபோது

எனக்கு சுகர் வந்து பல வருடம் கழித்துத்தான் ரத்த அழுத்தம் ஏறத் தொடங்கியது. இரண்டும் சேர்ந்து வருவது அபூர்வம் இல்லை. டைப் 2 சர்க்கரை நோய் உள்ளவர்களில் பாதிக்கு மேற்பட்டவர்களுக்கு ரத்த அழுத்தமும் இருக்கிறது. ஆனால் "மாத்திரை கொடுத்தார்கள், போட்டேன், குறைந்தது" என்று ஒரே வரியில் என் விஷயம் முடியவில்லை. அளவைச் சரியாகப் பார்ப்பது, எந்த மாத்திரை, எவ்வளவு வரை இறக்கலாம் என்று ஒவ்வொன்றும் படிப்படியாகத்தான் முடிவானது. இதே கட்டத்தில் இப்போது இருப்பவர்களுக்காக விரிவாக எழுதுகிறேன். மாத்திரைப் பெயர்களைப் பார்த்து யாரும் தாங்களாக எதையும் தொடங்கவோ நிறுத்தவோ வேண்டாம். டாக்டரிடம் என்ன கேட்கலாம் என்று தெரிந்துகொள்ள மட்டும் பயன்படட்டும்.

முதலில் டாக்டர் விளக்கியது இது: சர்க்கரையும் அழுத்தமும் குறிவைப்பது ஒரே உறுப்புகளை. விழித்திரை, சிறுநீரகம், இதயம், மூளை. அதனால் சுகரை மட்டும் பிடித்துவைத்தால் போதாது. 1998இல் வெளியான பிரிட்டன் ஆய்வு ஒன்றை அவர் சொன்னார். சர்க்கரை உள்ளவர்களில் ஒரு குழுவுக்கு அழுத்தம் சராசரியாக 144/82 ஆகவும், இன்னொரு குழுவுக்கு 154/87 ஆகவும் இருந்தது. மேல் அளவில் வெறும் 10 வித்தியாசம். அதற்கே முதல் குழுவில் பக்கவாதம் 44 சதவீதமும், சர்க்கரை நோய் சார்ந்த மரணங்கள் 32 சதவீதமும் குறைவு. சுகர் நோயாளிகள் நாங்கள் கூடிப் பேசினாலே மூன்று மாத சராசரி எவ்வளவு என்றுதான் கேட்டுக்கொள்வோம். பிரஷர் எவ்வளவு என்று யாரும் கேட்பதில்லை. கேட்க வேண்டும்.

அடுத்து, அளவு. வெவ்வேறு இடங்களில் பார்த்த அளவுகள் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாமல் இருந்தன. ஓரிடத்தில் நடந்து வந்து உட்கார்ந்த உடனே, சட்டைக் கைக்கு மேலேயே பட்டையைச் சுற்றி, கேள்வி கேட்டுக்கொண்டே பார்த்தார்கள். அந்த எண்ணை வைத்து எந்த முடிவும் எடுக்க முடியாது என்று என் டாக்டர் சொல்லிவிட்டு, ஒரு வாரம் வீட்டில் பார்த்து எழுதி வரச் சொன்னார். மணிக்கட்டில் கட்டுவது வேண்டாம், மேல் கையில் கட்டும் தானியங்கி மெஷின் வாங்குங்கள் என்றார். பட்டையின் அளவு கைச் சுற்றளவுக்குப் பொருந்த வேண்டும். சிறிய பட்டையைக் கட்டினால் அழுத்தம் இருப்பதைவிட அதிகமாகக் காட்டும்.

பார்க்கும் முறை இதுதான். அதற்கு முந்தைய அரை மணி நேரம் காபி, சிகரெட், உடற்பயிற்சி எதுவும் இருக்கக் கூடாது. சிறுநீர் கழித்துவிட வேண்டும். முதுகு சாய்ந்து, பாதம் தரையில் பட, கால் மேல் கால் போடாமல், பேசாமல் ஐந்து நிமிடம் உட்கார வேண்டும். கையை இதய உயரத்தில் மேஜைமேல் வைக்க வேண்டும். ஒரு நிமிட இடைவெளியில் இரண்டு முறை. காலையில் மாத்திரை போடும் முன்பு, அப்புறம் மாலையில். முதல் முறை மட்டும் இரண்டு கைகளிலும் பார்த்து, எதில் அதிகமோ அந்தக் கையிலேயே தொடர வேண்டும். வாரக் கடைசியில் முதல் நாள் அளவுகளை விட்டுவிட்டு மற்றவற்றின் சராசரி. வீட்டில் 135/85 என்பது மருத்துவமனையில் 140/90 என்பதற்குச் சமமாக வைத்துப் பார்க்கப்படுகிறது.

சிலருக்கு டாக்டர் முன்னால் மட்டும் அழுத்தம் ஏறும். சிலருக்கு நேர்மாறாக, அங்கே நன்றாக இருந்து வீட்டில் ஏறியிருக்கும். இந்த இரண்டாவது வகைதான் ஆபத்தானது, ஏனென்றால் வீட்டில் பார்க்காவிட்டால் அது யார் கண்ணிலும் படாது. என் நோட்டில் சராசரி 140ஐத் தாண்டியே இருந்தது. காலை அளவு மாலையைவிட அதிகம். சந்தேகத்துக்கு இடமில்லை.

மாத்திரை எழுதுவதற்கு முன் சில பரிசோதனைகள். ரத்தத்தில் கிரியேட்டினின் (சிறுநீரகம் வெளியேற்றும் கழிவு), பொட்டாசியம், இ.சி.ஜி., கண் பரிசோதனை, கூடவே சிறுநீரில் ஆல்புமின் என்ற புரதத்துக்கும் கிரியேட்டினினுக்கும் உள்ள விகிதம். கடைசியில் சொன்னதை யாரும் விட்டுவிடாதீர்கள். ஒரு கிராம் கிரியேட்டினினுக்கு ஆல்புமின் 30 மில்லிகிராமுக்குக் கீழே இருந்தால் இயல்பு. 300ஐத் தாண்டினால் பாதிப்பு கடுமை. எனக்கு 30க்கு மேலே இருந்தது. காய்ச்சல், சிறுநீர்த் தொற்று, கடும் உடற்பயிற்சி எதனாலும் அது தற்காலிகமாக ஏறலாம் என்பதால் இடைவெளி விட்டு மறுபடி பார்த்தார்கள். மறுபடியும் அதிகம்தான். எந்த மாத்திரை என்பதை அந்த ரிப்போர்ட்தான் தீர்மானித்தது.

சிறுநீரகத்தின் வடிகட்டிக்கு உள்ளே வரும் குழாய் ஒன்று, வெளியே போகும் குழாய் ஒன்று. தண்ணீர்க் குழாயின் வாயை விரலால் அழுத்தினால் உள்ளே அழுத்தம் ஏறுவது போல, வெளிக்குழாய் சுருங்கியிருந்தால் வடிகட்டி அடிபட்டு ஆல்புமின் ஒழுகும். ராமிப்ரில் வகை, டெல்மிசார்ட்டன் வகை மாத்திரைகள் அந்த வெளிக்குழாயைத் தளர்த்துகின்றன. பிரஷரும் குறைகிறது, ஒழுகலும் குறைகிறது. எனக்கு முதலில் ராமிப்ரில். சில வாரங்களில் சளியே இல்லாத வறட்டு இருமல், இரவில் தூக்கம் போகும் அளவுக்கு. அந்த வகை மாத்திரைக்கே உரிய பக்கவிளைவு அது. டெல்மிசார்ட்டனுக்கு மாற்றியதும் மெதுவாக நின்றது. இருமல் மருந்தாகக் குடித்துக்கொண்டு காலம் தள்ளுகிறவர்கள் இருக்கிறார்கள். டாக்டரிடம் சொன்னால் போதும், மாற்று இருக்கிறது.

இந்த மாத்திரைகளைத் தொடங்கி ஒன்றிரண்டு வாரத்தில் கிரியேட்டினினும் பொட்டாசியமும் பார்க்க வேண்டும். எனக்குக் கிரியேட்டினின் கொஞ்சம் ஏறியிருந்தது, பயந்துபோனேன். வடிகட்டியின் அழுத்தம் இறங்கும்போது தொடக்கத்தில் அது சற்று ஏறுவது எதிர்பார்த்ததுதான், 30 சதவீதம் வரை பொதுவாக மாத்திரையை நிறுத்துவதில்லை என்று டாக்டர் சொன்ன பிறகே நிம்மதி. இரண்டு வகையையும் சேர்த்துப் போட்டால் இன்னும் நல்லதா என்றும் கேட்டேன். 2008இல் வந்த பெரிய ஆய்வில் அப்படிச் சேர்த்தபோது கூடுதல் பலன் கிடைக்கவில்லை, சிறுநீரகப் பிரச்சினைதான் கூடியது. ஆக, ஒன்றுதான். கர்ப்பமாக இருப்பவர்களும், அதற்குத் திட்டமிடுபவர்களும் இந்த இரண்டு வகையையும் பற்றி உடனே டாக்டரிடம் பேச வேண்டும், கருவுக்கு ஆபத்து.

ஒரே மாத்திரையின் டோஸை ஏற்றிக்கொண்டே போகாமல், குறைந்த டோஸில் இன்னொன்றைச் சேர்த்தார்கள்: ரத்தக் குழாய்களைத் தளர்த்தும் அம்லோடிபின். நன்றாக வேலை செய்தது, கணுக்காலில் வீக்கம் வந்தது. டோஸைப் பாதியாக்கி, மிகச் சிறிய அளவில் நீர் பிரியும் மாத்திரை ஒன்றைச் சேர்த்ததும் அளவு 130க்குக் கீழே இறங்கியது.

பிரஷர் நோட்டு அழகாக இருந்தது. ஆனால் நாற்காலியிலிருந்து எழுந்தால் கண் இருட்டியது.

முதலில் சுகர் இறங்கிவிட்டதோ என்று குளுக்கோமீட்டரில் பார்த்தேன். இல்லை. தலைசுற்றினால் முதலில் அதைப் பார்த்துவிடுவது நல்லது, குறிப்பாக இன்சுலின் போடுபவர்கள். (இதயத் துடிப்பைக் குறைக்கும் பீட்டா பிளாக்கர் வகை மாத்திரை எடுப்பவர்களுக்கு இன்னொரு தொல்லை: சுகர் இறங்கும்போது வரும் படபடப்பையும் நடுக்கத்தையும் அது மறைத்துவிடலாம், வியர்வைதான் மிஞ்சும் அடையாளம்.) டாக்டர் என்னை ஐந்து நிமிடம் படுக்கவைத்து ஒரு முறை, எழுந்து நின்ற ஒரு நிமிடத்தில் ஒரு முறை, மூன்றாவது நிமிடத்தில் ஒரு முறை பார்த்தார். படுத்திருந்தபோது 128. நின்றதும் 104. மேல் அளவு 20 அல்லது கீழ் அளவு 10 இறங்கினாலே அது கவனிக்க வேண்டிய வீழ்ச்சி.

நாம் எழும்போது ரத்தம் கால்களுக்கு இறங்கும். ரத்தக் குழாய்களைச் சுருக்கி அதை ஈடுகட்டுவது தானியங்கி நரம்புகளின் வேலை. பல வருட சர்க்கரையில் பாத நரம்புகள் மரத்துப்போவது போல இந்த நரம்புகளும் பழுதாகலாம். பாத எரிச்சலைப் பற்றிக் கேட்கிற அளவுக்கு இதைப் பற்றி யாரும் கேட்பதில்லை என்பதுதான் என் வருத்தம். உட்கார்ந்து பார்த்த எண்ணை மட்டும் நம்பி மாத்திரையைக் கூட்டிக்கொண்டே போனால், ஒரு நாள் விழுந்து எலும்பு முறியும். சர்க்கரை உள்ளவர் பிரஷர் மாத்திரை எடுத்தால், நின்று ஒரு அளவு பார்த்தே ஆக வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

நீர் பிரியும் மாத்திரையை நிறுத்தினார்கள். புராஸ்டேட்டுக்காக எடுக்கும் சில மாத்திரைகளும் இந்த வீழ்ச்சியைக் கூட்டும் என்பதால் மற்ற மருந்துகள் எல்லாவற்றையும் கொண்டுவரச் சொல்லிச் சரிபார்த்தார்கள். படுக்கையிலிருந்து எழும்போது முதலில் உட்கார்ந்து, கணுக்காலை மேலும் கீழும் ஆட்டி, கெண்டைக்கால் தசையை இறுக்கித் தளர்த்தி, பிறகே நிற்கிறேன். மாத்திரையைக் காலையில் போடுவதா இரவிலா என்ற குழப்பமும் தீர்ந்தது. 2022இல் வெளியான பிரிட்டன் ஆய்வு 21 ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களைக் கவனித்து, மாரடைப்பு, பக்கவாதத்தைத் தடுப்பதில் இரண்டுக்கும் வித்தியாசம் இல்லை என்று கண்டது. மறக்காமல் போட முடிகிற நேரமே சரியான நேரம்.

அப்படியானால் எவ்வளவு இறக்குவது? சர்க்கரை உள்ள பெரும்பாலானவர்களுக்கு 130/80க்குக் கீழே என்பது இலக்கு. 120க்குக் கீழே கொண்டுபோவதை 2010இல் ஓர் அமெரிக்க ஆய்வு சோதித்தது. மொத்த இதயப் பாதிப்பில் தெளிவான பலன் தெரியவில்லை, பக்கவாதம் மட்டும் குறைந்தது. 2024இல் சீனாவில் சுமார் 12,800 பேரிடம் நடந்த ஆய்வில் அதே இலக்கு பெரிய இதய, மூளைப் பாதிப்புகளை 21 சதவீதம் குறைத்தது. அதனால் சிலருக்கு 120 பொருந்தும். எழுந்தால் இறங்கிவிடும் என்னைப் போன்றவர்களுக்குப் பொருந்தாது. எனக்கு 125க்கும் 130க்கும் நடுவில் என்று டாக்டரும் நானும் பேசி முடிவு செய்தோம்.

உப்பைப் பற்றி எல்லாருக்கும் தெரியும்: உலக சுகாதார நிறுவனம் சொல்வது ஒரு நாளைக்கு 5 கிராமுக்குக் கீழே, அதாவது 2,000 மில்லிகிராம் சோடியம். உணவுப் பொட்டலத்தின் சோடியம் எண்ணைப் படிக்கத் தொடங்கியபோதுதான் கணக்கு புரிந்தது. தண்ணீரில் போட்டால் நுரைக்கும் மாத்திரைகளிலும் சோடியம் உண்டு. "குறைந்த சோடியம்" என்று விற்கும் உப்பில் பொட்டாசியம் இருக்கும். டெல்மிசார்ட்டன் வகை எடுப்பவர்கள் டாக்டரைக் கேட்காமல் அதைத் தொடக் கூடாது. டைக்ளோஃபெனாக், ஐபுப்ரோஃபென் போன்ற வலி மாத்திரைகள் அழுத்தத்தையும் ஏற்றும், சிறுநீரகத்தையும் பாதிக்கும். குறட்டை பலமாக இருந்தால் தூக்கத்தில் மூச்சு நிற்கிறதா என்றும் பார்த்துவிடுங்கள், மாத்திரைக்கு அடங்காத பிரஷருக்கு அது ஒரு காரணம்.

வாந்தி, வயிற்றுப்போக்கு வந்து உடம்பில் நீர் வற்றும் நாட்களில் பிரஷர், சுகர் மாத்திரைகளில் எதை நிறுத்திவைக்க வேண்டும், எப்போது மறுபடி தொடங்க வேண்டும் என்று முன்கூட்டியே எழுதி வாங்கி வைத்திருக்கிறேன். அளவு 180/120ஐத் தாண்டி, நெஞ்சுவலி, மூச்சுத்திணறல், கை கால் பலவீனம், பேச்சுக் குழறல் எதுவும் இருந்தால் மறுபடி அளந்து பார்த்துக்கொண்டிருக்காமல் உடனே அவசர சிகிச்சைக்குப் போக வேண்டும் என்பதும் அதே தாளில் இருக்கிறது.

சிறுநீர் ஆல்புமின் இப்போது குறைந்திருக்கிறது, இன்னும் 30க்குக் கீழே வரவில்லை. டாக்டரைப் பார்க்கப் போவதற்கு முந்தைய வாரம் வீட்டில் அளந்து எழுதுகிறேன். நோட்டில் நின்று பார்த்த அளவுக்குத் தனிப் பத்தி உண்டு, அவர் முதலில் படிப்பது அதைத்தான்.