சயாம் ரயில் பாதையில் ஆன்சாக் நாள்

ஏப்ரல் 25, ஆஸ்திரேலியாவும் நியூசிலாந்தும் போரில் இறந்த தங்கள் வீரர்களை நினைக்கும் நாள். 1915இல் அந்தத் தேதியில்தான் இரு நாட்டுப் படைகளும் துருக்கியின் கலிப்போலிக் கரையில் இறங்கின. ஆன்சாக் நாள் என்பார்கள். தங்கள் நாட்டில் மட்டுமல்ல, தாய்லாந்தின் காஞ்சனபுரியைத் தாண்டி ஒரு மலைக்காட்டிலும் விடியலுக்கு முன் கூடுகிறார்கள். அதைப் பார்க்கத்தான் போனேன்.

எங்கள் குடும்பம் மலாயாவின் (இன்றைய மலேசியா) கெடா மாநிலத்து ரப்பர் தோட்டத்தில் இருந்தது. "சயாமுக்குப் பிடிச்சிட்டுப் போயிட்டாங்க" என்ற பேச்சைக் கேட்டுத்தான் வளர்ந்தேன். சயாம் என்றால் இன்றைய தாய்லாந்து. தாத்தாவின் தம்பி அப்படிப் போனவர், திரும்பவில்லை.

அவர்கள் கூடும் அந்த மலைக்காட்டு இடத்துக்குப் பெயர் ஹெல்ஃபயர் பாஸ். காஞ்சனபுரியிலிருந்து ஏறத்தாழ 80 கிலோமீட்டர். நடுராத்திரி தாண்டியதுமே கிளம்ப வேண்டும். அருங்காட்சியகத்தின் பின்னாலிருந்து மூங்கில் காட்டுக்குள் படிகள் இறங்குகின்றன. வழியெல்லாம் விளக்கு வைத்திருந்தார்கள். கீழே இறங்கினால் இரண்டு பக்கமும் செங்குத்தான பாறை. இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியர் சயாமிலிருந்து பர்மாவுக்கு ரயில் விட, அவர்கள் பிடித்து வைத்திருந்த போர்க்கைதிகள் மலையை வெட்டிய இடம் இது.

பாறையில் கை வைத்துப் பார்த்தேன். வெடிமருந்து வைக்கத் துளைத்த குழிகளின் தடம் நீள நீளமாக இன்னும் இருக்கிறது. ஒருவர் உளிக்கம்பியைப் பிடித்துத் திருப்ப, இன்னொருவர் சம்மட்டியால் அடிப்பார். நாளுக்கு இத்தனை அடி துளைக்க வேண்டும் என்று கணக்கு. அது ஏறிக்கொண்டே போனது. ஓரிடத்தில் உடைந்த உளிக்கம்பி ஒன்று பாறைக்குள்ளேயே சிக்கி நிற்கிறது. இரவிலும் வேலை நடந்தது. எண்ணெய் விளக்கு, மூங்கில் நெருப்பு வெளிச்சத்தில் எலும்பும் தோலுமாய் மனிதர்கள் அசைந்ததைப் பார்த்துத்தான் கைதிகள் 'நரக நெருப்பு' என்று பெயர் வைத்தார்கள். இங்கே வேலை ஆரம்பித்த நாளும் ஏப்ரல் 25தான், 1943இல்.

ஊதுகொம்பு ஒலித்தது. ஒரு நிமிட மௌனம். இறந்த வீரர்களை நினைத்து வாசித்த கவிதையின் கடைசி வரியைக் கூட்டமே திருப்பிச் சொன்னது. என் பக்கத்தில் நின்ற பெண் பதக்கங்களை வலது மார்பில் குத்தியிருந்தார். போருக்குப் போனவர் இடது பக்கம் அணிவார், வாரிசுகள் வலது பக்கம். அவர் அணிந்திருந்தது தாத்தாவின் பதக்கங்கள்.

பிறகு காஞ்சனபுரி கல்லறைத் தோட்டத்திலும் அஞ்சலி. ஏறத்தாழ 7,000 பேர் அங்கே அடக்கம்: பிரிட்டிஷார், டச்சுக்காரர், ஆஸ்திரேலியர். தாழ்வான கல், வெண்கலத் தகடு, பெயர், படைப்பிரிவு, வயது. சில தகடுகளில் பெற்றோரோ மனைவியோ எழுதிக்கொடுத்த ஒரு வரியும் உண்டு. வயதுகளைப் படித்துக்கொண்டே போனால் மனம் தாங்கவில்லை.

இத்தனை பெயர்களும் தானாகக் கிடைத்துவிடவில்லை. கைதிகளில் மருத்துவர்களும் அதிகாரிகளும் இருந்தார்கள். யார் எப்போது இறந்தார், எங்கே புதைத்தோம் என்று ஜப்பானியருக்குத் தெரியாமல் எழுதி ஒளித்து வைத்தார்கள். போர் முடிந்ததும் 1945இல் ஒரு குழு பாதை நெடுகத் தேடிப் போய் 10,000க்கும் மேற்பட்ட கல்லறைகளைக் கண்டுபிடித்தது. அந்தப் பொறுப்பை நினைத்தால் கையெடுத்துக் கும்பிடத் தோன்றுகிறது.

நம்மவர்களுக்கு எழுதிவைக்க யாருமில்லை. மலாயாவிலிருந்து மட்டும் 75,000 பேருக்கு மேல் கொண்டுபோனார்கள். பெரும்பாலோர் தோட்டத் தமிழர்கள். ரப்பர் ஏற்றுமதி நின்று வயிறு காய்ந்த நேரம். நாளுக்கு ஒரு வெள்ளி (மலாயா டாலர்), மூன்று மாத வேலை என்று ஆசை காட்டினார்கள். ஆள் சேராதபோது வளைத்துப் பிடித்தார்கள். குடும்பத்தோடு போனவர்களும் உண்டு. முகாமில் வைத்தியம் இல்லை. தண்ணீரைக் காய்ச்சிக் குடிக்கச் சொல்லவும் ஆளில்லை. 1943 மழையில் காலரா வந்தபோது கூட்டம் கூட்டமாகச் செத்தார்கள். கைதிகளில் 12,000 பேருக்கு மேல் இறந்தார்கள். பர்மியர், ஜாவாக்காரர், நம்மவர் என்று ஆசியத் தொழிலாளர்களில் இறந்தவர்கள் 90,000 வரை இருக்கலாம் என்பது மதிப்பீடு. ஆமாம், மதிப்பீடுதான்.

அவர்களில் சிலரின் எலும்புகள் கல்லறைத் தோட்டத்துக்கு அருகே, வாட் தாவோர்ன் வராராம் என்ற புத்தர் கோயில் வளாகத்தில், ஒரு தூபியின் கீழே இருக்கின்றன. பூ வாங்கிப் போய் வைத்தேன். அங்கிருந்தே அத்தைக்குப் போன் போட்டு, சின்னத் தாத்தா பெயரைக் கேட்டேன்.

"சித்தப்பா பேரா? வீட்டுல 'சின்னவரு'ன்னுதான்டா சொல்லுவாங்க. செக்ரோல்ல எழுதியிருப்பாங்க. தோட்டத்தையே வித்துட்டாங்களே, அதெல்லாம் எங்க இருக்கோ" என்றார். செக்ரோல் என்பது தோட்டத்து ஆட்களின் பெயர்ப் பதிவேடு. கெடாவின் சுங்கை பட்டாணியில் தொண்ணூறு வயது தாண்டிய உறவுக்காரர் ஒருவர் இருக்கிறாராம். அடுத்து அவரைத்தான் பார்க்கப் போகிறேன்.

காஞ்சனபுரி போகிறவர்கள் கல்லறைத் தோட்டத்தோடு திரும்பிவிடாதீர்கள், அந்தக் கோயிலுக்கும் ஒரு நடை போய் வாருங்கள். வெயில் ஏறுவதற்குள் போய்விடுங்கள். ஏப்ரலில் பதினோரு மணிக்கே தரையில் கால் வைக்க முடியாது.