காரை இல்லாத கோபுரம்

போன மாதம் மேலப்பாளையத்தில் எங்கள் பழைய வீட்டின் பின்கட்டுச் சுவரை இடித்தோம். கடப்பாரை போட்டால் செங்கல்தான் உடைகிறது, சுண்ணாம்புக் காரை விடுவதாகவே இல்லை. "கல்லு சும்மா பாய், காரைதான் செவுரு" என்றார் கொத்தனார். எனக்கு உடனே நாகப்பட்டினம் ஞாபகம் வந்தது.

சின்ன வயதில் கந்தூரி விழாவுக்கு நாகூர் தர்கா போகும்போதெல்லாம் வாப்பா அங்கிருக்கும் பெரிய மனாரா என்ற கோபுரத்தைக் காட்டுவார். தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாப்சிங் கட்டிக்கொடுத்தது, 131 அடி, கடலில் போகிறவர்களுக்கு அதுதான் அடையாளம் என்பார். அதற்கும் பல நூறு வருஷம் முன்பே, கொஞ்சம் தெற்கே நாகப்பட்டினத்தில் ஒரு செங்கல் கோபுரம் இதே வேலையைப் பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறது என்பது வாப்பாவுக்கும் தெரியாது, எனக்கும் ரொம்ப நாள் தெரியாது.

ஊர்க்காரர்களுக்கு அது புதுவெளி கோபுரம், வெள்ளைக்காரர்களுக்குச் சீனப் பகோடா. 14ஆம் நூற்றாண்டில் வாங் தாயுவான் என்ற சீனப் பயணி, இந்தப் பக்கம் செங்கல்லால் கட்டிய கோபுரம் ஒன்று இருப்பதாகவும் அதில் 1267ஆம் ஆண்டைக் குறிக்கும் சீன எழுத்து இருப்பதாகவும் எழுதினார். அது இதுதான் என்பது ஆய்வாளர்கள் பலரின் கருத்து. ஆனால் 1846இல் நேரில் போய்ப் பார்த்த பிரிட்டிஷ் அதிகாரி வால்டர் எலியட் கண்ணில் ஓர் எழுத்தும் படவில்லை. அவர் பார்த்தது மூன்று நிலை, நான்கு பக்கம், பக்கத்துக்கு நடுவில் ஒரு வாசல். உள்ளே அண்ணாந்தால் வானம், 20 அடி உயரத்தில் பழைய தளத்தின் தடம் மட்டும். செங்கற்களைக் காரையே வைக்காமல் நெருக்கி அடுக்கியிருந்தார்கள் என்கிறார்.

அப்புறம் அந்த இடம் இயேசு சபைப் பாதிரிமார் கைக்கு வந்தது. 1856இல் கோபுரத்தை ஒட்டி நின்ற இலுப்பை மரத்தை வெட்டினால் அடியில் ஐந்து படிமங்கள்! பிறகு பல வருஷங்களில் அந்த ஊரில் சுமார் 350 பௌத்தப் படிமங்கள் கிடைத்தன, சில எழும்பூர் மியூசியத்தில் இருக்கின்றன. இப்படிப்பட்ட மண்ணில் நின்ற கோபுரத்தை இடித்துக் கல்லூரி கட்ட அனுமதி கேட்டார்கள், 1867இல் அரசும் கொடுத்துவிட்டது. கல்லூரியாவது அங்கேயே இருந்ததா என்றால், 1883இல் அது திருச்சிக்குப் போய்விட்டது. எனக்கு இதுதான் தாங்கவில்லை.

கொத்தனாரிடம் இதையெல்லாம் சொன்னேன். இடித்த கதை அவருக்குப் பெரிதாகப் படவில்லை. "காரை இல்லாம அறுநூறு வருஷமா? உள்ள ஏதாவது பூசிருப்பானுவ பாய், அந்த தொர சரியா பாத்திருக்க மாட்டான்" என்று சொல்லிவிட்டுக் கடப்பாரையை எடுத்துக்கொண்டு போனார்.