கவுண்டருக்குக் கீழே இருந்த படம்

பழைய மாணவர் சங்க மலர்க்குழுத் தம்பிமார் கட்டுரை கேட்கும்போதே, "அதிபரின்ர பிரம்பைப் பற்றி எழுதாதீங்கோ அண்ணை, ஏற்கெனவே நாலு வந்திட்டுது" என்று சொல்லிவிட்டார்கள். சரி, பிரம்பு வேண்டாம். லண்டனில் எங்கள் வகுப்புப் பெடியள் ஒன்றாக இருந்து பார்த்த ஒரு படத்தைப் பற்றி எழுதுகிறேன். அதுவும் பிரிட்டனில் வழக்குப் போடப்பட்ட படம்.

1983 மாரிகாலம். பகலில் கணக்கியல் வகுப்பு, பின்னேரத்தில் எங்கள் பள்ளியின் மூத்த மாணவர் ஒருவருடைய கடையில் வேலை. அப்போது தெருமூலைக் கடைகளிலும் வீடியோ வாடகைக்குக் கொடுத்தார்கள். பால், பாண், சிகரெட், அதற்குப் பக்கத்தில் கசெட் தட்டு. தியேட்டரில் ஓடும் படத்துக்குத் தணிக்கை இருந்தது, வீடியோவுக்கென்று தனியாக ஒரு சட்டமும் இல்லை. அதனால் அமெரிக்காவில் யாரும் கண்டுகொள்ளாத மலிவுப் பயங்கரப் படமெல்லாம் இங்கே வந்து குவிந்தது. பத்திரிகைகள் கத்தத் தொடங்கின, ஒழுக்கக்கேட்டுக்கு எதிராகக் குரல்கொடுத்துவந்த மேரி வைட்ஹவுஸ் அம்மையார் இயக்கம் நடத்தினார், 'வீடியோ நாஸ்டி' (அருவருப்பு வீடியோ) என்ற பெயர் எல்லார் வாயிலும் புரண்டது. பொது வழக்குத் தொடுநர் பணிப்பாளர் பக்கத்திலிருந்து, ஆபாசப் பிரசுரச் சட்டத்தில் மாட்டக்கூடிய படங்களின் பட்டியலும் வெளிவந்தது. கடைக்கார அண்ணை அதை ஒருமுறை வாசித்துவிட்டு, தட்டில் இருந்த சில கசெட்டுகளை ஒன்றும் பேசாமல் கவுண்டருக்குக் கீழே, சுருட்டுப் பெட்டிகளுக்குப் பக்கத்தில் தள்ளிவிட்டார்.

அதில் ஒன்றுதான் 'டோன்ட் கோ இன் த வூட்ஸ்'. ஜேம்ஸ் பிரையன் என்பவர் அமெரிக்காவின் யூட்டா மாநில மலைக்காடுகளில் எடுத்து, 1981இல் வெளிவந்தது. நாலு இளசுகள் முதுகில் மூட்டையோடு மலை ஏறுகிறார்கள். அங்கே தோல் உடுத்து, ஈட்டியோடு ஒரு காட்டு மனிதன் திரிகிறான். கதை அவ்வளவுதான். ஆனால் இந்த நாலு பேரை விட்டுவிட்டு, படத்துக்கு ஒரு சம்பந்தமும் இல்லாத ஆட்கள் இரண்டு நிமிடத்துக்கு ஒருவராக வந்து செத்துக்கொண்டே இருப்பார்கள். வான் வண்டியில் வந்த தேன்நிலவுச் சோடி, கமராவோடு ஒரு சுற்றுலாக்காரர், படம் கீறிக்கொண்டிருக்கும் ஒரு பெண். குரல்கள் உதட்டோடு ஒட்டவே ஒட்டாது, பின்னணியில் யாரோ குழந்தைப்பிள்ளை சிந்தசைசரில் விரல் வைத்ததுபோல ஒரு சத்தம்.

நாங்கள் கசெட்டைத் திருப்பித் திருப்பிப் போட்டது சக்கரநாற்காலிக் காட்சிக்காக. ஒருவர் தன்னந்தனியே, சக்கரநாற்காலியில், மலைச்சரிவில் ஏறுகிறார். ஏன், யார், எங்கே போகிறார் என்று ஒன்றும் கிடையாது. சக்கரம் வழுக்கும், கல்லில் முட்டும், மனிதர் மூச்சு வாங்குவார், திரும்பவும் தள்ளுவார். படம் அவரை விட்டுவிட்டு வேறு எங்கேயோ போய் வரும், வந்து பார்த்தால் மனிதர் இன்னும் ஏறிக்கொண்டிருப்பார். கடைசியில் பாடுபட்டு மேலே வந்து சேர்ந்ததும் தலை போய்விடும். எங்கள் அறையில் அதற்குக் கைதட்டல்.

வகுப்பில் சாரணர் அணித்தலைவனாக இருந்தவனுக்கு 'கயிறு' என்று பட்டம் வைத்திருந்தோமே, அவனும் அன்று இருந்தான். எல்லாரும் கொலையைப் பார்க்க அவன் கூடாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். "டேய், முளை அடிச்ச விதத்தைப் பார். இத்தனை பேர் சாகிறாங்கள், ஒருத்தனிட்டையாவது விசில் இருக்கோ?" தப்பிப் பிழைத்துக் கீழே ஊருக்கு வந்த பையன் தோழியைத் தேடித் திரும்பவும் காட்டுக்குள் போனபோது கயிறு எழும்பித் தேத்தண்ணி போடப் போய்விட்டான். இலங்கையில் அந்த ஆண்டு ஜூலைக் கலவரத்துக்குப் பிறகு லண்டன் வந்து சேர்ந்தவர்கள்தான் அன்று எல்லாரையும் விடக் கூடச் சிரித்தார்கள். அதற்கு விளக்கம் எழுத எனக்கு விருப்பமில்லை.

படம் மோசம்தான், ஆனால் எனக்குப் பிடிக்கும். மலை அசல் மலை, வெளிச்சம் அசல் வெயில். பணம் இல்லாதவர்கள் ஆசைக்கு எடுத்த படம் என்பது ஒவ்வொரு காட்சியிலும் தெரியும். கடைசியில் காட்டில் தனியே விடப்பட்ட குழந்தை கோடரியை வைத்து விளையாடுகிற இடத்தில் மட்டும் ஒருவரும் சிரிக்கவில்லை.

இப்படிப்பட்ட படம்தான் பட்டியலில் மொத்தம் இருந்த 72இல், அரசு தரப்பு வழக்கில் வென்ற 39க்குள் ஒன்றாக நிற்கிறது. 1984இல் வீடியோப் பதிவுச் சட்டம் வந்தது, ஒவ்வொரு கசெட்டுக்கும் சான்றிதழ் வேண்டும் என்றார்கள், அண்ணை தட்டையே கழற்றிவிட்டு அந்த இடத்தில் அரிசி மூட்டை அடுக்கினார். கவுண்டருக்குக் கீழே இருந்தவை ஒரு கறுப்புப் பையில் குப்பைக்குப் போயின. 2007இல் அதே படத்துக்கு ஒரு வெட்டும் இல்லாமல், 15 வயதும் அதற்கு மேலும் உள்ள யாரும் பார்க்கலாம் என்று சான்றிதழ் கொடுத்தார்கள்.

அப்புறம் 2009இல் இன்னொரு கூத்து. அந்த 1984ஆம் ஆண்டுச் சட்டத்தை முறைப்படி ஐரோப்பிய ஆணையத்துக்கு அறிவிக்கவே இல்லையாம், அதனால் அதை வைத்து வழக்கு நடத்த முடியாதாம். 2010இல் திரும்பவும் நிறைவேற்றினார்கள். சங்கத்து இரவு விருந்தில் அண்ணையிடம் இதைச் சொன்னேன். உங்களை அப்போது பயப்படுத்தினது ஆபாசச் சட்டம், இது வேறு சட்டம் என்றும் விளக்கினேன். மனிதர் ரோல்ஸைக் கடித்துக்கொண்டே கேட்டார்: "அதை விடும் தம்பி. அந்தக் கறுப்புப் பைக்கு எவ்வளவு தருவாங்கள்?"