படிக்கட்டு மூலையில் பித்தளை முக்கோணம்

பாஸ்டனை ஒட்டிய சாமர்வில்லில் மூன்றடுக்கு மரவீடு ஒன்றின் மேல்தளத்தில் குடியிருக்கிறோம். நூறு வருஷம் தாண்டிய வீடு. பொதுப் படிக்கட்டை முறை வைத்துப் பெருக்குவது குடியிருப்பவர்கள் பொறுப்பு.

மதுரையில் சிமெண்ட் படி. ஒரு வாளித் தண்ணீரை மேலிருந்து கொட்டித் தள்ளிவிட்டால் வேலை தீர்ந்தது. மரப்படியில் அந்தக் கதை நடக்காது. போதாக்குறைக்கு, பனிக்காலத்தில் தெருவில் தூவும் உப்பும் மணலும் பூட்ஸோடு மாடி ஏறி வந்துவிடும். படியின் கிடைப்பலகை, நிற்கும் பலகை, பக்கப் பலகை மூன்றும் கூடும் மூலையில் போய் அடைந்துகொள்ளும். துடைப்பம் அங்கே நுழையாது. குச்சி வைத்துத்தான் நோண்ட வேண்டும்.

நடுத்தளம் வரை மட்டும் இந்தத் தொல்லை கிடையாது. அந்தப் படிகளில் மூலைக்கு மூலை ஒரு பித்தளை முக்கோணம். உள்பக்கம் லேசாகக் குழிந்தது, நடுவில் ஒரே ஒரு ஆணி. மூலையையே அது மூடிவிடுவதால் தூசிக்குத் தங்க இடமில்லை, ஒரே வீச்சில் வந்துவிடும். 1890களில் அமெரிக்காவில் பரவிய பொருளாம். யோசித்தவர் நிச்சயம் படி பெருக்கியவர்தான் என்பேன், ஆதாரம் கேட்காதீர்கள்!

அந்தக் காலத்துப் படிகளில் கம்பளத்தைப் பித்தளைக் கம்பிகள் பிடித்திருக்கும். கம்பிகளை உருவினால் கம்பளத்தைக் கழற்றி வெளியே கொண்டுபோய் அடித்து உதறலாம். திரும்ப விரிக்கும்போது கொஞ்சம் மேலே தள்ளிப் போட்டால், ஒரே இடம் தேயாது. அப்புறம் வேக்குவம் கிளீனர் வந்தது. கையில் தூக்கிப்போகும் மின்சார மாடலுக்கு 1908இல் காப்புரிமை வாங்கிய ஜேம்ஸ் ஸ்பாங்லர், ஓஹியோவில் ஒரு கடையில் பெருக்கும் வேலை பார்த்தவர். தூசியால் ஆஸ்துமா படுத்த, அவரே செய்துகொண்டார். அதன் குழாய் மூலைக்குள் போய் உறிஞ்சியது. முக்கோணத்துக்கு மவுசு போயிற்று.

ஆனால் இன்றும் புதிதாகச் செய்து விற்கிறார்கள். பழைய கெட்டி மரத்தில் நேராக அடித்தால் சின்னப் பித்தளை ஆணி வளைந்துவிடும், மெல்லிய துளை போட்டுக்கொள்ள வேண்டும். எங்கள் தளத்துக்கு ஏறும் படிகளுக்கும் அடிக்கலாமா என்று வீட்டு உரிமையாளரிடம் கேட்டேன். "வாங்கிக் கொடுங்கள், நானே அடித்துத் தருகிறேன்" என்றார். நடுத்தளத்துக்காரர்தான் பங்கு தர மாட்டேன் என்கிறார். அவர் ஏறும் படியில்தான் ஏற்கெனவே இருக்கிறதே!