டல்சா (ஓக்லஹோமா, அமெரிக்கா) நாட்குறிப்பு

மார்ச் 5, புதன்

பகல் பன்னிரண்டு மணிக்குச் சூறாவளிச் சங்கு ஊதியது. புதன்கிழமைச் சோதனைதான். தெரிந்தும் நெஞ்சு படபடத்தது. அவருடைய மருத்துவ அறிக்கை வரவில்லை.

மார்ச் 6, வியாழன்

கரூரிலிருந்து நாத்தனார் பேசினார். "அண்ணனுக்கு இப்படி இருக்கிறபோது பாப்பா கதவைச் சாத்திக்கொண்டு கதை எழுதுகிறாளாமே அண்ணி? அப்பா பக்கத்தில் போய் உட்காரச் சொல்லுங்கள்."

சொல்ல மாட்டேன் என்றேன். அவருக்குச் சுருக்கென்று இருந்திருக்கும். இருக்கட்டும்.

இதே ஊரில், வில் ரோஜர்ஸ் உயர்நிலைப் பள்ளியில் படித்த ஒரு பெண் பதினாறு வயதில் இப்படித்தான் எழுதினாள். சூசன் எலோயிஸ் ஹின்டன். அப்பாவுக்கு மூளையில் கட்டி. நோய் முற்ற முற்ற அவள் எழுத்துக்குள் ஒடுங்கிக்கொண்டே போனாள். சினிமா பார்த்துவிட்டு நடந்து வந்த நண்பன் ஒருவனை, அவன் இன்ன கூட்டத்தைச் சேர்ந்தவன் என்பதற்காகவே வசதியான பையன்கள் அடித்துப்போட்டார்கள். அந்த ஆத்திரத்தில் தொடங்கிய கதை. அதை எழுதிய வருடம் பள்ளியின் படைப்பெழுத்து வகுப்பில் அவளுக்குக் கிடைத்த மதிப்பெண் 'டி'. 1966-இல் பள்ளிப் பட்டமளிப்பு நாளன்று பதிப்பக ஒப்பந்தம் கைக்கு வந்தது. அடுத்த வருடம் 'தி அவுட்சைடர்ஸ்' வெளியானது.

அப்பா அதைப் பார்க்கவில்லை. இதை மட்டும் நாத்தனாரிடம் சொல்லவில்லை.

மார்ச் 9, ஞாயிறு

கோடைக்கால நேரம் தொடங்குகிறது, கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளியாயிற்று. காத்திருப்பதில் அவ்வளவு மிச்சம்.

மார்ச் 12, புதன்

வானம் மோசமாக இருந்தால் சோதனைச் சங்கு ஊத மாட்டார்கள், நிஜமென்று ஜனங்கள் பதறிவிடக் கூடாதென்று. இன்று ஊதவில்லை.

அறிக்கை வந்துவிட்டது.

மார்ச் 15, சனி

தூக்கமில்லை. பயம் அவரைப் பற்றியது மட்டுமில்லை. எழுதி முடித்த பிறகு பெண்ணுக்கு என்ன ஆகும்?

ஹின்டனுக்கு என்ன ஆயிற்று என்று தெரியும். புத்தகம் வந்தபோது வயது பதினெட்டு. அதன் பிறகு கை ஓடவேயில்லை. டல்சா பல்கலைக்கழகத்தில் படித்த காலத்தில் ஒரு கடிதம்கூட எழுத முடியாமல் இருந்ததைப் பின்னால் அவரே சொல்லியிருக்கிறார். சின்ன வயதில் வந்த புகழின் பாரம் என்றுதான் எல்லோரும் இதற்குக் காரணம் சொல்கிறார்கள். என் மனம் ஒப்பவில்லை. அப்பா போய்க்கொண்டிருந்த நாட்களில் உள்ளே இருந்த அத்தனையையும் அந்தப் பக்கங்களில் கொட்டிவிட்டாள் அந்தப் பெண். கதை சொல்லும் பையனுக்குப் பெற்றோரே கிடையாது. கார் விபத்தில் போய்விட்டார்கள். அண்ணன் தம்பி மூவரும் ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டு ஒரு வீட்டில் கிடக்கிறார்கள். கொட்டியதெல்லாம் அச்சாகி ஊரார் கைக்குப் போய்விட்டால், தனியே உட்கார்ந்து அழ அவளுக்கென்று என்ன மிஞ்சும்? வற்றித்தானே போவாள்?

மீட்டது டேவிட் என்கிற காதலன். தினம் இரண்டு பக்கம் எழுதியிருந்தால்தான் அவளை வெளியே அழைத்துப் போவான். அவ்வளவுதான் நிபந்தனை. இரண்டு பக்கம், மறுநாள் இரண்டு பக்கம். 1970-இல் அவனையே கல்யாணம் செய்துகொண்டாள். 1971-இல் இரண்டாவது நாவல் வந்தது. அப்புறம் 1975, 1979, 1988 என்று நிதானமாக.

பாப்பாவிடம் இரண்டு பக்கம் கேட்க யார் இருக்கிறார்கள்? என்னிடம் காட்டவே மாட்டாள். அவர் கேட்டால் காட்டுவாள். அவர் இருக்க வேண்டும்.

மார்ச் 18, செவ்வாய்

காப்பீட்டு அனுமதி வரவில்லை. இன்னொரு படிவம் வேண்டுமாம். ஃபோனைப் பிடித்துப் பிடித்துக் காது சுடுகிறது. இவர்கள் வீட்டில் யாருக்கும் உடம்புக்கு வராதா?

மார்ச் 19, புதன்

ஊதியது. அவர் தூக்கம் கலையவில்லை.

மார்ச் 23, ஞாயிறு

பாப்பாதான் கேட்டாள். பக்கத்து வீட்டு அம்மாவை அவருக்குத் துணை வைத்துவிட்டுப் போய் வந்தோம்.

கிரட்ச்ஃபீல்ட் பகுதியில் அந்த வீடு. 1982-இல் இயக்குநர் கொப்போலா இந்த ஊருக்கே வந்து 'தி அவுட்சைடர்ஸ்' கதையைப் படமெடுத்தபோது மூன்று சகோதரர்களின் வீடாகக் காட்டியது. அந்தப் படம் உருவானதே பள்ளிப் பிள்ளைகளால்தான். கலிஃபோர்னியாவில் ஒரு பள்ளி நூலகரும் மாணவர்களும் கையெழுத்துப் போட்டு, இதை நீங்கள் படமாக எடுக்க வேண்டும் என்று கொப்போலாவுக்குக் கடிதம் அனுப்பினார்கள். நினைத்தாலே எனக்குத் தொண்டை அடைக்கிறது. பின்னால் பாழாய்க் கிடந்த வீட்டை டேனி ஓ'கானர் என்ற இசைக்கலைஞர் வாங்கிச் சீராக்கி, 2019-இல் அருங்காட்சியகமாகத் திறந்தார்.

வாசல்படியில் பாப்பா உட்கார்ந்தாள். வலது நடுவிரலில் பேனா அழுத்தும் இடம் தடித்துச் சிவந்திருந்தது, நகக்கண்ணில் நீல மை. லேப்டாப்பை விட்டுவிட்டு எல்லாவற்றையும் நோட்டில்தான் எழுதுகிறாள் போலிருக்கிறது. "படத்தில் ஹின்டனும் வருவார் அம்மா. நர்ஸாக," என்றாள். வேறெதுவும் பேசவில்லை. தெருவில் ரெட்பட் மரங்கள் இலை விடுவதற்கு முன்பே பூத்துக் கொட்டுகின்றன.

மார்ச் 27, வியாழன்

நல்ல நாள். அவர் இரண்டு இட்லி சாப்பிட்டார்.

ஒரு பெண் எழுதியது என்றால் பையன்களின் கதையை விமர்சகர்கள் நம்ப மாட்டார்கள் என்று, பதிப்பகம் 'எஸ். ஈ. ஹின்டன்' என முதலெழுத்துகளை மட்டும் போட்டதைச் சொன்னேன். "நம் ரங்கராஜன் மனைவி பெயரில் சுஜாதாவானார், இங்கே நேர்மாறா?" என்று சிரித்தார். சிரித்தார்!

உற்சாகத்தில் மேலே மேலே சொன்னேன். மருந்துக்கடைகளில் மற்ற மலிவுப் பதிப்புகளோடு வைத்தபோது அந்தப் புத்தகம் போகவேயில்லை. ஆனால் சில இடங்களில் மட்டும் மொத்தமாக விற்றது. விசாரித்தால், வாங்கியவர்கள் ஆசிரியர்கள், வகுப்பில் படிக்கக் கொடுப்பதற்காக. பதின்வயதினருக்கென்று தனி இலக்கியம் உண்டென்பதைப் பதிப்பகங்கள் உணர்ந்ததில் அதற்குப் பெரும் பங்குண்டு. அந்த இலக்கியத்துக்கென்று அமெரிக்காவில் ஏற்படுத்திய மார்கரெட் எட்வர்ட்ஸ் விருதை 1988-இல் முதன்முதலாகப் பெற்றவரும் ஹின்டன்தான். அவர் கேட்டுக்கொண்டே தூங்கிவிட்டார்.

மார்ச் 30, ஞாயிறு

இரவு முழுவதும் வாந்தி.

ஏப்ரல் 1, செவ்வாய்

கஞ்சி எடுத்துக்கொண்டு போனேன். உள்ளே பாப்பா படித்துக்கொண்டிருந்த சத்தம் சட்டென்று நின்றது. "நீ அப்புறம் வா அம்மா" என்றாள். அவரும் கண்ணாலேயே போகச் சொன்னார். கூடத்தில் உட்கார்ந்திருந்தேன், கஞ்சி ஏடு கட்டியது. எனக்கு மட்டும் ஏன் இல்லை என்று ஆத்திரமாக வந்தது. அந்தக் குரல் மறுபடி தொடங்கியதும் அதுவும் போய்விட்டது.

பிறகு அவரிடம், "இரண்டு பக்கமா?" என்று கேட்டேன்.

"ஐந்து" என்றார். கதை எதைப் பற்றியது என்று சொல்ல மறுத்துவிட்டார்.

ஏப்ரல் 2, புதன்

விடியற்காலையில் சங்கு. சோதனையில்லை. மூவரும் குளியலறையில், தலைக்கு மேல் மெத்தை. அவர் சுவரில் சாய்ந்து மூச்சு வாங்கினார். பாப்பா ஒரு கையால் அவரையும் ஒரு கையால் நோட்டையும் பிடித்திருந்தாள். சூறாவளி வேறு பக்கமாகப் போய்விட்டது.

ஏப்ரல் 4, வெள்ளி

அனுமதி வந்துவிட்டது. திங்கள் காலை ஆறு மணிக்கு அங்கே இருக்க வேண்டும்.

ஏப்ரல் 6, ஞாயிறு

நள்ளிரவுக்குப் பிறகு எதுவும் சாப்பிடக் கூடாது. பையில் அவர் கண்ணாடி, மருந்துப் பட்டியல், காப்பீட்டு அட்டை, சார்ஜர், ஸ்வெட்டர். பாப்பாவும் வருகிறாள், பள்ளிக்கு மின்னஞ்சல் அனுப்பிவிட்டேன். நோட்டை எடுத்துக்கொள் என்றேன். அங்கே எழுத முடியாது என்கிறாள். காத்திருக்கும் அறையின் கோடியில், ஜன்னலோரம் ஒரு மேசை இருக்கிறது. முதலில் போய் அதைப் பிடிக்க வேண்டும். நாத்தனார் கூப்பிடுகிறார், அவருக்கு அங்கே விடிந்துவிட்டது.